பசுபதி: கூத்துப் பயிற்சியும் இயல்பான நடிப்பும்

தமிழ்த் திரையில் இரண்டாயிரத்துக்குப் பிறகு நிலைபெற்ற குணச்சித்திர நடிகர்களில் பசுபதி தனி வகை. ‘விருமாண்டி’யில் (2004) கொத்தாளத் தேவர், ‘வெயில்’ படத்தில் (2006) முருகேசன், ‘அரவான்’ படத்தில் (2012) கொம்பூதி, ‘அசுரன்’ படத்தில் (2019) முருகன், ‘சார்பட்டா பரம்பரை’யில் (2021) ரங்கன் வாத்தியார் என்று அவர் ஏற்ற மனிதர்கள் ஊராலும் காலத்தாலும் குணத்தாலும் ஒருவருக்கொருவர் தொடர்பில்லாதவர்கள். ஆனாலும் ஐந்து பேரைப் பற்றியும் பார்வையாளர் சொல்வது ஒன்றுதான்: ‘நடிக்கிற மாதிரியே தெரியவில்லை.’ இந்தப் பாராட்டு உண்மையின் ஒரு பாதியைத்தான் சொல்கிறது. நடிப்பது தெரியாத இந்த நடிப்பு உருவானது, நடிப்பை ஒளிக்கவே ஒளிக்காத ஓர் அரங்கில். தெருக்கூத்தின் அடவுகளையும் குரல்முறையையும் நவீன நாடகத்துக்குள் கொண்டுவந்த கூத்துப்பட்டறையில் பயின்றவர் பசுபதி. கூத்தில் பழகிய உடம்பு கேமராவுக்கு முன்னால் எப்படி அடங்கியது என்பதைப் பின்தொடர்ந்தால்தான் அவருடைய பாணி பிடிபடும். அந்தப் பயணத்தின் உச்சம் வடசென்னைக் குத்துச்சண்டை வாத்தியாரின் வேடம்.

கூத்துப்பட்டறை 1977-இல் ந. முத்துசாமியால் தொடங்கப்பட்டது. அன்றைய தஞ்சை மாவட்டத்துப் புஞ்சை கிராமத்தில் பிறந்த முத்துசாமி முதலில் சிறுகதை எழுத்தாளர். ‘நடை’, ‘கசடதபற’ போன்ற சிற்றிதழ்களின் காலத்தவர். புரிசைத் தம்பிரான்களின் கூத்தைப் பார்த்தது அவர் வாழ்க்கையைத் திருப்பிவிட்டது. செய்யாறு வட்டாரத்துப் புரிசையில் தலைமுறை தலைமுறையாக விடியவிடிய ஆடப்பட்டுவந்த அந்தக் கலையை, நகரத்துப் படிப்பாளிகள் நாட்டுப்புற வேடிக்கையாக ஒதுக்கிவைத்திருந்தார்கள். தமிழனுக்கென்று ஓர் அரங்கு இருக்குமானால் அது இதுதான் என்று முத்துசாமி எழுதியும் பேசியும் வாதாடினார். ‘அன்று பூட்டியவண்டி’ என்ற அவருடைய கட்டுரைத் தொகுப்பு அந்த வாதத்தின் பதிவு. புரிசை கண்ணப்பத் தம்பிரானிடம் பட்டறையின் நடிகர்கள் கூத்து பயின்றார்கள். சிலம்பம், களரி, தேவராட்டம், மூச்சுப் பயிற்சி, குரல் பயிற்சி என்று பாடத்திட்டம் உடம்பிலிருந்து தொடங்கியது. முத்துசாமிக்கு 2012-இல் பத்மஸ்ரீ வழங்கப்பட்டது. அவர் 2018 அக்டோபரில் காலமானார்.

பட்டறை மேடையேற்றியவை இயல்புவாத நாடகங்கள் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. ‘நாற்காலிக்காரர்’, ‘சுவரொட்டிகள்’, ‘இங்கிலாந்து’ போன்ற முத்துசாமியின் நாடகங்களில் வீட்டுக்கூடமும் சோபாவும் கிடையாது. நேர்க்கோட்டில் நகரும் கதையும் பெரும்பாலும் கிடையாது. சொற்கள் திரும்பத் திரும்ப வரும். பாத்திரங்களுக்கு முன்கதை இருக்காது. ‘இந்த இடத்தில் இவன் ஏன் அழுகிறான்’ என்று கேட்டு உள்ளே போக வழியில்லாத நாடகங்கள் அவை. ஆகவே நடிகன் உணர்ச்சியைத் தேடிப் போவதை விட்டுவிட்டு, நிற்பது, திரும்புவது, மூச்சை எங்கே இழுத்து எங்கே விடுவது என்பவற்றில் கவனம் வைக்க வேண்டியிருந்தது. இருபதாம் நூற்றாண்டின் உலக அரங்கிலும் இந்த இரண்டு வழிகள் உண்டு. 1898-இல் மாஸ்கோ கலை அரங்கை நிறுவியவர்களில் ஒருவரான ஸ்தனிஸ்லாவ்ஸ்கி, பாத்திரத்தின் மனத்துக்குள் புகும் வழியை முறைப்படுத்தினார். அதே அரங்கில் நடிகராகத் தொடங்கிய மெயர்ஹோல்ட், உடலின் இயக்கத்திலிருந்து தொடங்கும் எதிர்வழியை வகுத்தார். போலந்தில் குரோட்டோவ்ஸ்கி அந்த வழியை இன்னும் தூரம் கொண்டுபோனார். கூத்துப்பட்டறை இந்த இரண்டாம் வழிக்கு நெருக்கமானது. ஆனால் அதற்கான சரக்கை ஐரோப்பாவில் தேடாமல் புரிசையில் எடுத்துக்கொண்டது.

இந்த இடத்திலிருந்து சினிமாவுக்குப் போனவர்களின் வரிசை நீளமானது. கலைராணி, குரு சோமசுந்தரம், விமல், விதார்த் ஆகியோர் பட்டறையில் பயின்றவர்கள். விஜய் சேதுபதி அங்கே கணக்காளராக வேலை பார்த்துக்கொண்டே நடிப்பைப் பார்த்துப் பழகியவர். பசுபதி இவர்களில் பலருக்கு முன்னோடி. பட்டறையில் பல ஆண்டுகள் முழுநேர நடிகராக இருந்தார். அங்கே நட்பான நாசர் அவரைக் கமல்ஹாசனுக்கு அறிமுகம் செய்தார். 1997-இல் பெரும் ஆரவாரத்தோடு கமல் தொடங்கிய ‘மருதநாயகம்’ படத்துக்குப் பசுபதி தேர்வானார், படம் நின்றுபோனது. ஆனால் அறிமுகம் வீணாகவில்லை. சிறுசிறு வேடங்களுக்குப் பின் ‘தூள்’ (2003) அவரை வில்லனாகப் பரவலாகத் தெரியவைத்தது. அந்த வேடத்தில் கத்தலும் முறைப்பும் மிகுதி. வணிகப் படம் கூத்துக்காரனின் குரலை மட்டும் எடுத்துக்கொண்டு, மற்றதை வாசலிலேயே நிறுத்திவிட்டது.

‘விருமாண்டி’யில் நிலைமை தலைகீழானது. ஒரே நிகழ்வுகளை முதலில் கொத்தாளத் தேவரும் பிறகு விருமாண்டியும் தத்தம் தரப்பிலிருந்து சொல்கிறார்கள். சிறைக்குள் ஆவணப்படம் எடுக்க வந்த ஏஞ்சலா காத்தமுத்துவின் கேமராவுக்கு முன்னால் நிகழ்கிறது இந்தச் சாட்சியம். ஆகவே பசுபதி ஒரே பாத்திரத்தை இரண்டு முறை நடிக்க வேண்டும்: தன் வாயால் சொல்லும் கதையில் நிதானமான பெரிய மனிதர், எதிராளி சொல்லும் கதையில் அதே மனிதர் நீருள்ள நிலத்துக்காக நயவஞ்சகம் செய்பவர். இந்த இரண்டையும் வேறுவேறு ஆட்களாக ஆக்கிவிட்டால் படம் உடைந்துவிடும். பசுபதி உடம்பை மாற்றவில்லை. அதே நடை, அதே மீசை, அதே கனத்த குரல். மாறுவது பார்வை எவ்வளவு நேரம் எதிராளியின் முகத்தில் தங்குகிறது என்பதும், சிரிப்பு எந்த இடத்தில் வருகிறது என்பதும்தான். முதல் பாதியில் பெரிய மனிதரின் கனிவாகத் தெரிந்தது, இரண்டாம் பாதியில் கணக்காகத் தெரிகிறது. தமிழில் நடிப்புப் பயில்பவர்களுக்குப் பாடமாக வைக்கத் தகுந்த வேடம் இது.

வசந்தபாலன் இயக்கத்தில் வந்த ‘வெயில்’ அவரை மையப் பாத்திரமாக்கியது. பள்ளியை ஏய்த்துவிட்டு சினிமா பார்க்கப் போய் அகப்பட்ட சிறுவனை, அப்பா அம்மணமாக்கி வெயிலில் கட்டிப்போடுகிறார். வீட்டை விட்டு ஓடும் அந்தப் பையன் வேறோர் ஊரில் ஒரு திரையரங்கில் ஒதுங்கி, படம் ஓட்டுகிறவனாக வளர்கிறான். காதலை இழக்கிறான், பிழைப்பை இழக்கிறான். பல ஆண்டுகளுக்குப் பிறகு தோற்றவனாக வீடு திரும்புகிறான். திரும்பி வந்த முருகேசன் தன் வீட்டிலேயே விருந்தாளி. கால் வைக்கும் இடத்தைக்கூட யோசித்து வைப்பவனாக, யாராவது கண்டுகொள்வார்களா என்று ஓரமாக நிற்பவனாக அவனைப் பசுபதி நிறுத்துகிறார். தமிழ் சினிமாவில் தோல்வி என்றால் தாடியும் குடியும்தான் என்ற வழக்கம் இங்கே இல்லை. தோள்கள் சற்று உள்வாங்கி, கைகளை என்ன செய்வதென்று தெரியாமல் இருக்கும் ஒருவன் போதுமானவனாகிவிடுகிறான். 2006-ஆம் ஆண்டின் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது ‘வெயி’லுக்குக் கிடைத்தது, கான் திரைப்பட விழாவிலும் அது திரையிடப்பட்டது.

பசுபதியைச் சுயாதீனத் திரைப்பட நடிகர் என்று அழைப்பது எந்த அளவுக்குப் பொருந்தும்? பெரிய நிறுவனங்களின் பணத்துக்கு வெளியே எடுத்து, தனித் திரையரங்குகளில் ஓடும் படங்களின் உலகம் அமெரிக்காவில் இருப்பதுபோலத் தமிழில் உறுதியாக உருவாகவில்லை. ஜெயகாந்தன் 1965-இல் சென்னைக் குடிசைவாழ் மக்களை வைத்து எடுத்த ‘உன்னைப்போல் ஒருவன்’ போன்ற முயற்சிகள் அவ்வப்போது வந்தன, தொடர்ச்சி வரவில்லை. இங்கே மாற்று முயற்சிகள் வணிக அமைப்புக்குள்ளேயே இடம் தேடிக்கொண்டன. எஸ். பி. ஜனநாதனின் ‘ஈ’ (2006), பார்வையற்றவராகப் பசுபதி நடித்த ‘ராமன் தேடிய சீதை’ (2008), சு. வெங்கடேசனின் ‘காவல் கோட்டம்’ நாவலிலிருந்து எடுக்கப்பட்ட ‘அரவான்’ ஆகியவை அந்த வகை. ரஜினிகாந்த் நடித்த ‘குசேலன்’ படத்தில் (2008) கதையின் மையமான முடிதிருத்துபவர் பசுபதிதான். ஆனால் படம் நட்சத்திரத்தின் பக்கம் சாய்ந்ததில் அந்த ஏழையின் கூச்சம் போதிய இடம் பெறாமல் போனது. ‘அரவா’னுக்கும் ‘அசுர’னுக்கும் இடைப்பட்ட ஆண்டுகளில் பேசப்பட்ட வேடங்கள் மிகச் சில. ஒரு நடிகனின் நல்ல வயது இப்படிக் கழிந்தது தமிழ் சினிமாவின் இழப்பு என்றே சொல்ல வேண்டும்.

இன்னொன்றும் கவனிக்கத்தக்கது. பசுபதி சென்னைக்காரர். ஆனால் அவருக்குப் பெயர் வாங்கித் தந்த வேடங்கள் பெரும்பாலும் மதுரை, விருதுநகர், நெல்லை மண்ணைச் சேர்ந்தவை. அந்த வட்டார வழக்குகளை அவர் உச்சரிப்பில் வலிந்து காட்டாமல் வாக்கியத்தின் ஏற்ற இறக்கத்தில் பிடித்துக்கொண்டார். சொந்த நகரத்தின் தமிழ் அவருக்கு முழு வீச்சில் கிடைத்தது பா. ரஞ்சித்தின் ‘சார்பட்டா பரம்பரை’யில்.

வடசென்னை திரையில் வந்த விதம் நெடுங்காலம் ஒருதலையானது. ராயபுரத்தில் 1856-இல் தென்னிந்தியாவின் முதல் ரயில் நிலையம் திறக்கப்பட்டது. துறைமுகமும், காசிமேட்டு மீன்பிடித் துறையும், பெரம்பூரில் பின்னி ஆலையும், திருவொற்றியூரில் என்ஃபீல்டும், எண்ணூரில் அசோக் லேலண்டும் அனல்மின் நிலையமும், மணலியில் எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலையும் சேர்ந்து இந்த வட்டாரத்தைச் சென்னையின் உழைப்புக் கூடமாக்கின. மூட்டை தூக்குபவர்கள், மீனவர்கள், ஷிப்டு முடிந்து சைக்கிளில் வீடு திரும்பும் ஆலைத் தொழிலாளர்கள் ஆகியோரின் ஊர் இது. ஆனால் இவர்களின் பேச்சு திரையில் சிரிப்புக்கான சரக்காகவே பயன்பட்டது. ‘சபாஷ் மீனா’வில் (1958) ரிக்‌ஷாக்காரராக வந்த சந்திரபாபுவும், பின்னாளில் லூஸ் மோகனும் மெட்ராஸ் பாஷையைப் பேசிச் சிரிக்கவைத்தார்கள். அவர்களுடைய திறமை பெரிது. ஆனால் அந்தப் பேச்சில் ஒருவன் துக்கப்படவும் யோசிக்கவும் அறிவுரை சொல்லவும் முடியும் என்பது திரைக்கு வெளியிலேயே நின்றது. பிறகு வந்த ரவுடிப் படங்கள் சிரிப்பின் இடத்தில் அரிவாளைக் கொடுத்தன. ‘ஆரண்ய காண்டம்’ (2011), ‘மெட்ராஸ்’ (2014), ‘வடசென்னை’ (2018) போன்ற படங்கள்தான் இதை மெல்ல மாற்றின. கூத்துப்பட்டறையின் குரு சோமசுந்தரம் ‘ஆரண்ய காண்ட’த்தில் சேவல் சண்டைக்காரன் காளையனாக வந்து, குடியும் கடனும் தின்ற ஒரு மனிதனை மகனின் கண் வழியாகக் காட்டியது இந்த மாற்றத்தின் தொடக்க அடையாளங்களில் ஒன்று.

‘சார்பட்டா பரம்பரை’ 2021 ஜூலை 22 அன்று அமேசான் பிரைமில் வெளியானது. கொரோனா காலத்தில் திரையரங்குக்குப் போகாமலே தமிழ்நாடு முழுக்கப் பேசப்பட்ட படம். எழுபதுகளின் வடசென்னையில் பரம்பரைகளாகப் பிரிந்து நடந்த குத்துச்சண்டை இதன் களம். வெள்ளைக்காரர் காலத்தில் துறைமுக நகரத்துக்கு வந்த விளையாட்டு, உழைக்கும் மக்களிடம் போய் அவர்களுடைய கௌரவப் பிரச்சினையாக மாறியிருந்தது. சார்பட்டா, இடியாப்ப பரம்பரை போன்ற பெயர்கள் கற்பனையல்ல. கித்தேரி முத்து போன்ற வீரர்களின் பெயர் வடசென்னைப் பெரியவர்களின் நினைவில் இன்றும் உண்டு. ரஞ்சித்தோடு இணைந்து திரைக்கதை எழுதிய தமிழ்ப்பிரபா சென்னையின் உழைக்கும் மக்களைப் பற்றி நாவல் எழுதியவர். துறைமுகத்தில் மூட்டை தூக்கும் கபிலன் (ஆர்யா) வேலை முடியும் நேரத்துக்காகக் காத்திருந்து சண்டை பார்க்க ஓடுவதில் படம் தொடங்குகிறது.

ரங்கன், சார்பட்டா பரம்பரையின் வாத்தியார், தி.மு.க.காரர். தடித்த கறுப்புச் சட்டமிட்ட கண்ணாடி, வெள்ளை வேட்டி சட்டை, மேடைப் பேச்சில் பழகிய தோரணை என்று வெளித்தோற்றத்திலேயே அரசியலும் ஆசிரியத்தனமும் சேர்ந்திருக்கின்றன. எதிர்த்தரப்பின் சவாலை ஏற்று, தோற்றால் பரம்பரையே சண்டையை விட்டுவிடும் என்று சபையில் வாக்குக் கொடுக்கும் மனிதர் அவர். பெற்ற மகன் வெற்றிச்செல்வன் காத்திருக்க, வாய்ப்பை முதலில் ராமன் என்ற வீரனுக்கும் பிறகு கபிலனுக்கும் கொடுக்கிறார். இந்த முடிவின் வலி மகன் முகத்தில் வெளிப்படையாகத் தெரிகிறது. அப்பா முகத்தில் தெரியாது. தெரியக் கூடாது என்று அந்த வாத்தியார் நினைக்கிறார் என்பது மட்டும் நமக்குத் தெரியும். இதைச் சாதிப்பது சுலபமில்லை. முகத்தை வெறுமையாக வைத்துக்கொண்டால் மரம்போல ஆகிவிடும். பசுபதி முகத்துக்குக் கொடுக்காததைக் கழுத்துக்கும் முதுகுக்கும் கொடுக்கிறார். மகன் பக்கம் தலையைத் திருப்ப வேண்டிய இடத்தில் அரைக்கணம் தாமதம், அவ்வளவுதான்.

கபிலன் ‘டான்சிங் ரோஸ்’ என்ற வீரனோடு மோதும் ஆட்டம் படத்தின் மிகப் புகழ்பெற்ற பகுதி. ரோஸாக வரும் ஷபீரின் துள்ளலையும் ஆட்டத்தையும் எல்லோரும் பேசினார்கள், சரிதான். ஆனால் அந்தச் சண்டையை இரண்டாம் முறை பார்க்கும்போது கண்ணை மேடை ஓரத்தில் வைக்க வேண்டும். ரோஸின் காலாட்டத்தில் கபிலன் திணறுகிறான், அரங்கமே கத்துகிறது. பசுபதியின் வேலை அங்கே பார்ப்பது மட்டும். பார்ப்பதை ஒரு செயலாகச் செய்வது நடிப்பில் மிகக் கடினமான பகுதி. அனுபவமில்லாதவர்கள் அந்த நேரத்தில் ‘பதற்றம்’ என்ற பாவத்தைக் காட்டுவார்கள். ரங்கனின் கண் ஆளைப் பார்க்கவில்லை, அடியின் கணக்கைப் பார்க்கிறது. கபிலன் எதிராளியின் முறையைக் கண்டுபிடிக்கத் தொடங்கும் கட்டத்தில், சொல் எதுவும் வருவதற்கு முன்பே வாத்தியாரின் மூச்சு இறங்குகிறது. அவனுக்குப் புரிந்துவிட்டது என்பது பார்வையாளருக்கு அந்த மூச்சிலிருந்துதான் தெரிகிறது. எங்கே மூச்சை விடுவது என்று ஆண்டுக்கணக்கில் பயிற்சி எடுத்த உடம்பின் பலன் இது.

பேச்சிலும் இதே கட்டுப்பாடு. ரங்கன் பேசுவது மெட்ராஸ் தமிழ்தான், ஆனால் அவருடைய வேகம் மற்றவர்களுடையது அல்ல. கெவின் டாடியாக வரும் ஜான் விஜய் ஆங்கிலமும் தமிழும் கலந்து பொரிந்து தள்ள, பசுபதி ஒவ்வொரு வாக்கியத்தையும் எதிராளி காதில் விழுந்ததா என்று பார்த்துவிட்டு அடுத்ததைச் சொல்கிறார். சிரிக்கவைத்தே பழக்கப்பட்ட ஒரு வழக்கு, பாடம் சொல்லிக்கொடுக்கும் மொழியாகவும் அதிகாரத்தின் மொழியாகவும் மாறுகிறது. பசுபதியின் பங்களிப்புகளில் மிகவும் மதிக்கத் தக்கது இதுவென்றே தோன்றுகிறது. எண்ணூரிலோ திருவொற்றியூரிலோ ஒரு தொழிற்சங்கக் கூட்டத்துக்குப் போனவர்களுக்கு இந்த நிதானமான மெட்ராஸ் தமிழ் புதிதல்ல. திரைக்குத்தான் அது புதிது.

1976 ஜனவரி 31 அன்று தி.மு.க. ஆட்சி கலைக்கப்பட்டது. படத்தில் அந்தச் செய்தி இடியாப்ப பரம்பரை வீரன் வேம்புலியோடு கபிலன் மோதும் ஆட்டத்தின் நடுவே வருகிறது. வெற்றி கைக்கெட்டும் நேரத்தில் கலவரம் வெடிக்கிறது, கபிலன் மேடையிலேயே அவமானப்படுத்தப்படுகிறான், ரங்கன் கைதாகிறார். அந்தக் கணத்தில் அவருக்கு இரண்டு இழப்புகள், அரசியலும் ஆட்டமும். வசனத்தால் நிரப்பியிருக்கக்கூடிய இடம். பசுபதியோ இழுத்துச் செல்லப்படும்போதும் மேடையிலிருந்து கண்ணை எடுக்காத ஒருவராகவே இருக்கிறார். நெருக்கடி நிலை முடிந்து சிறையிலிருந்து திரும்பும்போது கபிலன் சாராயத்தில் கிடந்து உடம்பு பெருத்துப் போயிருக்கிறான். சிறை தந்த முதுமையை ரங்கனுக்கு ஒப்பனை கொஞ்சம்தான் கொடுக்கிறது. மீதியை நடை கொடுக்கிறது. முன்பு தரையை அளந்து வைத்த கால், இப்போது தரையை நம்பாமல் வைக்கப்படுகிறது.

கபிலன் சைக்கிள் மிதிக்க, வாத்தியார் பின்னால் உட்கார்ந்து போகும் காட்சி படம் வந்த சில நாட்களிலேயே கைபேசிகளில் கேலிச்சித்திரமாகச் சுற்றியது. வேறுவேறு ஆட்களை, அரசியலை, அலுவலக வாழ்க்கையை எல்லாம் அந்தப் படத்தில் ஏற்றிப் பார்த்தார்கள். இது நடிப்பைப் பற்றியும் ஒரு செய்தி சொல்கிறது. எந்த முகபாவமும் இல்லாமல் கேரியரில் உட்கார்ந்திருக்கும் ஒரு மனிதன், வெறும் அமர்வால் ஆசிரியர் மாணவர் உறவு முழுவதையும் காட்டிவிட்டதால்தான் மக்கள் அதை எடுத்துப் பயன்படுத்த முடிந்தது.

‘இயல்பான நடிப்பு’ என்பதற்குத் தமிழில் இரண்டு பொருள் கலந்து கிடக்கின்றன. ஒன்று, நடிப்புப் பயிற்சி இல்லாத ஒருவரை அவருடைய சொந்தச் சூழலிலேயே நிறுத்திப் படமெடுப்பது. இத்தாலிய நவயதார்த்தப் படங்கள் உலகுக்குக் காட்டிய வழி அது. இன்னொன்று, நன்றாகப் பயிற்சி பெற்ற ஒருவர் பயிற்சியின் தடயம் தெரியாமல் நடிப்பது. முதல் வகையில் ஒருவர் ஒரு படத்தில் அசலாக இருப்பார். அடுத்த படத்தில் வேறு ஊர், வேறு தொழில், வேறு வயது என்றால் தடுமாறுவார். இரண்டாம் வகைதான் ஒரு முழு நடிப்பு வாழ்க்கையைத் தாங்கும். பசுபதியை இயல்பு என்று சொல்லி நிறுத்திவிடுவது, அந்தப் பயிற்சிக்குப் பின்னாலிருக்கும் உழைப்பையும், கூத்துப்பட்டறை என்ற நிறுவனத்தையும், புரிசைக் கலைஞர்களின் கொடையையும் கண்ணில் படாமல் மறைத்துவிடுகிறது.

ரங்கனுக்குப் பின் வேடங்கள் மறுபடி வரத் தொடங்கின. ராம் சங்கய்யாவின் ‘தண்டட்டி’யில் (2023) ஒரு கிராமத்துச் சாவு வீட்டில் மாட்டிக்கொள்ளும் ஏட்டு சுப்பிரமணியாகப் பசுபதிதான் கதையைச் சுமக்கிறார், கிழவிகளின் வாய்க்கு முன்னால் காவல் உடை எதற்கும் உதவாமல் போகும் அவஸ்தையில் அவருடைய நகைச்சுவைத் திறன் வெளிப்பட்டது. ரஞ்சித்தின் ‘தங்கலா’னிலும் (2024), மாரி செல்வராஜின் ‘பைச’னிலும் (2025) அவருக்குக் கனமான இடம் கிடைத்தது. பின்னதில் கபடி ஆடத் துடிக்கும் மகனின் தகப்பனாக வருகிறார். ரங்கன் மகனிடம் அன்பை மறைத்தவர்; இந்தத் தகப்பன் அச்சத்தை மறைக்க முடியாதவர். ஒரே நடிகரின் இரண்டு தந்தைகளுக்கு இடையே நான்கு ஆண்டுகள்தான் இடைவெளி என்பதை நம்புவது கடினம்.

பசுபதியின் நடிப்பு வாழ்க்கையில் நாயக வேடங்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். பாத்திரத்தை முழுதாக எழுதி அவர் கையில் கொடுத்த இயக்குநர்களும் அந்த அளவுக்கே குறைவு. கொடுத்த ஒவ்வொரு முறையும் அவர் அந்த ஊரின் மனிதராகவே நின்றிருக்கிறார். வடசென்னைக்குத் திரையில் கிடைத்த வாத்தியார்களில் ரங்கனுக்கு நிகராக இன்னொருவர் இதுவரை வரவில்லை.